சிந்தியாவுக்கு என்ன வியாதி?

சிந்தியாவுக்கு உடம்பு சரியில்லை. என்ன செய்கிறது என்று கேட்டால் பதில் வராது. அவள் பேசுவதே அபூர்வம். கண்ணைப் பறிக்கும் கலரில் கவுன் மாதிரி ஒன்றை மாட்டிக்கொண்டு, பஞ்சுமிட்டாய் நிறத்தில் இருக்கும் ஓர் அறையில் தனியாக உட்கார்ந்திருக்கிறாள். சுற்றிலும் சாமான்கள். ஸ்படிகக் கற்கள், முகத்தில் அப்பிக்கொள்ளும் பூச்சுகள், மசாஜ் கருவிகள், மேஜைமேல் வைக்கிற குட்டி நீரூற்று, மாத்திரை, தைலம். ஒவ்வொன்றாக எடுத்துப் பார்க்கிறாள். ஏதோ ஒன்றைத் தொட்டதும் அது மினுக்குகிறது. சுவர் விலகுகிறது. பின்னால் வேறு ஓர் உலகம். சங்கீதம் கேட்கிறது. சிந்தியா எழுந்து ஆடுகிறாள். முகத்தில் அப்படியொரு நிம்மதி.

அப்புறம்? மறுபடி அதே அறை, அதே நாற்காலி, அடுத்த சாமான்.

இவ்வளவுதான் கதை. 2002-ல் ஆரம்பித்து இருபது வருஷத்துக்கு மேலாக, கொஞ்சம் கூட்டிக் குறைத்து இதையே வீடியோவாகவும் மேடை நிகழ்ச்சியாகவும் செய்திருக்கிறார் ஷானா மோல்டன் என்கிற அமெரிக்கப் பெண்மணி. சிந்தியாவாக நடிப்பவரும் அவரே. 'பெர்ஃபார்மன்ஸ் ஆர்ட்' என்று இந்த வகைக்குப் பெயர். நாடகம் மாதிரி இருக்கும், ஆனால் நாடகம் இல்லை. ஓவியருக்குத் துணிச்சட்டம் மாதிரி இவர்களுக்குத் தங்கள் உடம்பு.

'உடம்பு சரியில்லாத ஒரு பெண், சாமான் வாங்கி வாங்கிப் பார்க்கிறாள். இதில் என்ன ஸார் கலை?' என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. அதற்கு முன்னால் அம்மணி எங்கிருந்து வருகிறார் என்று பார்த்துவிடலாம். இவர் விஷயத்தில் ஊர் முக்கியம்.

*

மோல்டன் பிறந்தது 1976-ல், கலிஃபோர்னியாவின் ஓக்ஹர்ஸ்ட் என்ற சிற்றூரில். யோசெமிட்டி தேசியப் பூங்காவுக்குப் போகிற வழியில் இருக்கிறது. வளர்ந்தது 'விஸ்பரிங் பைன்ஸ்' என்ற மொபைல் ஹோம் குடியிருப்பில். மொபைல் ஹோம் என்றால், தொழிற்சாலையில் செய்து லாரியில் ஏற்றி வந்து இறக்குகிற, நீளப் பெட்டி மாதிரியான வீடு. பணக்காரர்கள் இருக்கிற இடம் இல்லை. வேலையிலிருந்து ஓய்வு பெற்ற வயதானவர்கள் மத்தியில், அவர்களுடைய மூட்டுவலிகள், ஊன்றுகோல்கள், டி.வி. நிகழ்ச்சிகள் மத்தியில் ஒரு சின்னப் பெண் வளர்கிறாள்.

பின்னால் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் கலை படித்தபோது வினோதமான உடைகள் தைத்தார். உடைக்குள் மருத்துவ சாதனம். கழுத்துவலிக்குப் பட்டை, இடுப்புவலிக்கு பெல்ட் என்று நாமெல்லாம் உடைக்கு மேல் மாட்டிக்கொண்டு, யாராவது வந்தால் மறைக்கப் பார்க்கிறோம் இல்லையா? இவர் அந்த மாதிரி சமாச்சாரத்தை உடையின் அங்கமாகவே சேர்த்துத் தைத்துவிட்டார். வலியே அலங்காரம். தைத்தாகிவிட்டது, போட்டுக்கொள்ள ஆள் வேண்டுமே! அப்படிப் பிறந்தவள்தான் சிந்தியா. அவள் வரும் தொடருக்கு, தான் வளர்ந்த குடியிருப்பின் பெயரையே வைத்தார்: 'விஸ்பரிங் பைன்ஸ்'. கிசுகிசுக்கும் பைன் மரங்கள்.

தொடர் என்றதும் மெகா சீரியலை நினைக்காதீர்கள். ஒவ்வொரு பகுதியும் சில நிமிஷம். டேவிட் லிஞ்ச்சின் 'ட்வின் பீக்ஸ்' டி.வி. தொடரின் சாயல் உண்டு. சாதாரணமாகத் தெரியும் வரவேற்பறைக்கு அடியில் ஏதோ ஒன்று பதுங்கியிருக்கும் உணர்ச்சி. வானிலை அறிக்கை வாசிப்பவருக்குப் பின்னால் வரைபடம் வருகிறதே, அந்த 'க்ரோமா கீ' உத்தியைத் தாராளமாகப் பயன்படுத்துகிறார். வெட்டி ஒட்டியது பளிச்சென்று தெரிகிறது. நம் பழைய புராணப் படங்களில் விஷ்ணு சக்கரம் சுழன்று வருவது மாதிரி. காசு இல்லாமல் இப்படி என்றுதான் முதலில் தோன்றும். நாலைந்து படம் பார்த்தால் காரணம் புரியும். சிந்தியாவின் சொர்க்கம் அட்டைச் சொர்க்கம். அது ஹாலிவுட் தரத்தில் இருந்தால் நாமும் நம்பிவிடுவோம். நம்பக் கூடாது, ஆனால் ஆசைப்பட வேண்டும். அந்த இடைவெளியில்தான் மோல்டன் வேலை செய்கிறார்.

*

இந்த 'வெல்னஸ்' என்ற வார்த்தையைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்க வேண்டும். ஹெல்த் என்றால் ஆரோக்கியம். அது நமக்குத் தெரியும். ஜுரம் வந்தது, கசாயம் குடித்தோம், போய்விட்டது, ஆபீசுக்குக் கிளம்பியாகிவிட்டது. ஆரம்பம், முடிவு இரண்டும் உண்டு. வெல்னஸுக்கு முடிவு கிடையாது. 1961-ல் ஹால்பர்ட் டன் என்ற அமெரிக்க டாக்டர் தன் புத்தகத்தில் இதை விளக்கினார். நோய் இல்லாமலிருப்பது மட்டும் போதாது, அதற்கு மேலும் மேலும் உயர்ந்துகொண்டே போகலாம் என்பது சாரம். நல்ல எண்ணம்தான். 1975-ல் ஜான் டிராவிஸ் என்ற இன்னொரு டாக்டர் கலிஃபோர்னியாவின் மில் வேலியில் ஒரு வெல்னஸ் மையமே திறந்தார். அதற்கும் முன்பாக, 1962-ல், அதே மாநிலத்தின் கடலோரத்தில் எசலன் இன்ஸ்டிட்யூட் தொடங்கிவிட்டது. யோகா, தியானம், மசாஜ், மனசைத் திறந்து பேசும் கூட்டங்கள். நம் ஊர் சமாச்சாரங்கள் கணிசமாகக் கப்பலேறிய துறைமுகம் அதுதான்.

மேலும் மேலும் உயரலாம் என்றால், வியாபாரிக்கு அதைவிட நல்ல செய்தி வேறென்ன? குணமான நோயாளி திரும்பி வரமாட்டான். குணமாகிக்கொண்டே இருப்பவன் மாதாமாதம் வருவான். 2023-ல் உலக வெல்னஸ் வியாபாரத்தின் மதிப்பு 6.3 டிரில்லியன் டாலர் என்று 'குளோபல் வெல்னஸ் இன்ஸ்டிட்யூட்' கணக்குச் சொல்கிறது. டிரில்லியன் என்றால் லட்சம் கோடி. இந்தியாவின் அந்த வருஷத்து மொத்த உற்பத்தியே இதைவிடக் குறைச்சல்.

ஆக, சிந்தியா வெல்னஸ் பிறந்து வளர்ந்த மாநிலத்தில், அந்தக் கடைகளுக்கு நடுவில் வளர்ந்த பெண். அவள் நாற்காலி அங்கேதான் போடப்பட்டிருக்கிறது.

*

சில படங்களைச் சொல்கிறேன்.

2004-ல் ஒன்று. நடிகை ஆஞ்செலா லான்ஸ்பரி 1988-ல் 'பாசிடிவ் மூவ்ஸ்' என்று ஓர் உடற்பயிற்சி வீடியோ வெளியிட்டார். எந்த வயதிலும் செய்யலாம் என்கிற மென்மையான பயிற்சிகள். மோல்டன் அதை எடுத்து ரீமிக்ஸ் செய்தார். கூடவே தொண்ணூறுகளில் பிரபலமான 'மேஜிக் ஐ' போஸ்டர். ஞாபகம் இருக்கிறதா? வெறும் புள்ளிக் கோலமாக இருக்கும், கண்ணை ஒரு மாதிரி தளர்த்திப் பார்த்தால் உள்ளிருந்து டால்பின் எழும்பும். பக்கத்து வீட்டுப் பையனுக்குத் தெரியும், நமக்கு மட்டும் தெரியாது. வெல்னஸின் தத்துவமே அந்தப் போஸ்டரில் இருக்கிறது. 'இன்னும் கொஞ்சம் தளர்ந்து பாருங்கள், தெரியும். தெரியவில்லையா? தப்பு உங்கள் மேல்.'

2010-ல் 'கேலக்டிக் பாட் ஹீலர்'. தலைப்பு, ஃபிலிப் கே. டிக்கின் 1969-ம் வருஷத்து விஞ்ஞான நாவலிலிருந்து. சிந்தியாவின் பானை உடைந்துவிடுகிறது. பானைக்கு வைத்தியம் பார்ப்பவரைத் தேடிப் போகிறாள். சட்டென்று சிரிப்பு வரும். ஆனால் உடம்பைப் பானையாகப் பாடியவர்கள் நம் சித்தர்கள். உடைந்தது பானையா, அவளா என்று நமக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

2012-ல் 'ரெஸ்ட்லெஸ் லெக் சாகா'. என் அபிப்பிராயத்தில் மோல்டனின் கூர்மையான படம் இது. சிந்தியாவுக்குக் கால் சும்மா இருக்காத வியாதி. ராத்திரி படுத்தால் காலுக்குள் ஏதோ ஊர்கிற மாதிரி, குடைகிற மாதிரி இருக்கும். அசைத்தால்தான் அடங்கும். டி.வி.யிலும் பத்திரிகையிலும் வருகிற மருந்து விளம்பரங்களில் அவள் விமோசனம் தேடுகிறாள்.

இந்தப் படத்தை ரசிக்கக் கொஞ்சம் முன்கதை வேண்டும். இந்த வியாதி கற்பனை இல்லை. 1672-லேயே தாமஸ் வில்லிஸ் என்ற ஆங்கிலேய மருத்துவர் எழுதியிருக்கிறார். 1945-ல் எக்போம் என்ற ஸ்வீடன்காரர் பெயர் வைத்து விவரித்தார். ஆனால் தெருவில் போகிறவருக்கு இப்படி ஒன்று இருப்பதே தெரியாது. டாக்டர் சீட்டு எழுதித் தரும் மருந்துகளை நேராகப் பொதுஜனத்துக்கு விளம்பரம் செய்ய இரண்டே நாடுகளில்தான் தாராள அனுமதி: அமெரிக்கா, நியூஸிலாந்து. அமெரிக்காவில் டி.வி. விளம்பர விதிகள் 1997-ல் தளர்ந்தன. ரோபினிரோல் என்ற பார்க்கின்சன் நோய் மருந்துக்கு 2005-ல் இந்தக் கால் வியாதிக்கும் அனுமதி கிடைத்தது. அப்புறம் பாருங்கள், 'உங்கள் கால் ராத்திரி துடிக்கிறதா?' என்று டி.வி. கேட்க ஆரம்பித்துவிட்டது. நாடே குனிந்து காலைப் பார்த்தது. 2006-ல் வோலோஷின், ஷ்வார்ட்ஸ் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள், இந்தக் கால் வியாதியையே உதாரணமாக எடுத்துக்கொண்டு, ஒரு நோயை எப்படி ஊதிப் பெரிதாக்குகிறார்கள், பத்திரிகைகள் எப்படித் துணை போகின்றன என்று கட்டுரை எழுதினார்கள். இதில் ஒரு பகீர் விஷயமும் உண்டு. இந்த வகை மருந்துகளைச் சாப்பிட்ட சிலருக்குக் கட்டுப்படுத்த முடியாத சூதாட்ட ஆசை வருவதாகத் தெரிந்து, எச்சரிக்கைக் குறிப்பில் சேர்த்திருக்கிறார்கள். கால் அடங்கும், கை சீட்டாடப் போகும்.

ஆக, நோய் நிஜம். விளம்பரம் மிகை. மருந்து சிலருக்கு உதவும், சிலரை வேறு குழியில் தள்ளும். இத்தனை சிக்கலையும் மோல்டன் ஒரு வார்த்தை பிரசங்கம் செய்யாமல் ஒரு பெண்ணின் துடிக்கிற காலில் வைத்துவிடுகிறார். கட்டுரையாளர்கள் நோயாளியைப் புள்ளிவிவரமாகப் பார்க்கிறார்கள். கம்பெனி வாடிக்கையாளராகப் பார்க்கிறது. சிந்தியாவுக்கோ ராத்திரி தூக்கம் வரவில்லை. அவ்வளவுதான்.

*

சிந்தியாவைக் கேலி செய்வது ரொம்ப சுலபம். 'ஏமாந்த ஜன்மம்' என்று ஒரு வரியில் முடித்துவிடலாம். நகரத்தில் படித்தவர்களுக்கு இது பிடித்தமான பொழுதுபோக்கும்கூட. காந்தப் படுக்கை வாங்கிய மாமாவைப் பார்த்துச் சிரித்துவிட்டு, நாம் கைக்கடிகாரத்தில் எத்தனை அடி நடந்தோம் என்று எண்ணிக்கொண்டிருப்போம்.

மோல்டன் சிரிக்க வைக்கிறார், ஆனால் வெளியே நின்று சிரிப்பதில்லை. சிந்தியாவின் நிம்மதியை அவர் பொய் என்று காட்டுவதே இல்லை. அவள் ஆடுகிற அந்த ஒரு நிமிஷத்தில் நிஜமாகவே சந்தோஷமாக இருக்கிறாள். அதை மறுக்க நாம் யார்?

இதற்கு விஞ்ஞானத்திலேயே சாட்சி இருக்கிறது. 2010-ல் ஹார்வர்டைச் சேர்ந்த டெட் கப்சக்கும் குழுவினரும் ஒரு பரிசோதனை செய்தார்கள். டென்ஷனானால் வயிற்றைக் கலக்கும் ஐ.பி.எஸ். தொந்தரவுக்காரர்கள் 80 பேர். பாதிப் பேருக்குச் சும்மா மாத்திரை. வழக்கமாக இந்த மாதிரி ஆராய்ச்சியில் நோயாளியிடம் விஷயத்தை மறைத்துவிடுவார்கள். இவர்கள் 'இது வெறும் மாத்திரை, உள்ளே மருந்து இல்லை' என்று சொல்லியே கொடுத்தார்கள். மூன்று வாரம் கழித்துக் கேட்டால், அந்த மாத்திரை சாப்பிட்டவர்களில் 59 சதவிகிதம் பேர் போதுமான நிவாரணம் என்றார்கள். மாத்திரையே சாப்பிடாத மற்ற பாதியில் 35 சதவிகிதம். சின்ன ஆராய்ச்சிதான், இதை வைத்து ஊருக்கெல்லாம் உபதேசம் செய்ய முடியாது. ஆனால் இரண்டு கோஷ்டிக்கும் பொதுவாக ஒன்று கிடைத்தது என்பதைக் கவனியுங்கள். அவர்கள் சொன்னதை ஒருவர் அக்கறையாக உட்கார்ந்து கேட்டார்.

சிந்தியாவின் வீட்டில் இல்லாதது இதுதான். எத்தனை சாமான்! ஆனால் பெரும்பாலான நேரம் ஆள் இல்லை. 'என்னம்மா, சாப்பிட்டியா?' என்று கேட்க நாதியில்லை. போன் வருவதில்லை. அவளுக்கு ஆறுதல் சொல்வதெல்லாம் டி.வி., விளம்பரம், பொட்டலத்தின் மேல் அச்சடித்த வாசகம். பொருட்கள் அவளோடு பேசுகின்றன, ஏனென்றால் வேறு யாரும் பேசுவதில்லை. வெல்னஸ் கடையில் நமக்கு விற்கப்படுவது ஆரோக்கியமா, அல்லது பக்கத்தில் ஒரு ஆள் இருப்பது போன்ற பிரமையா? மோல்டன் இருபது வருஷமாகச் சிரித்த முகத்தோடு கேட்டுக்கொண்டிருக்கும் கேள்வி இது என்று நினைக்கிறேன்.

இந்த இடத்தில் இன்னொரு வீடியோவைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். 1975-ல் மார்த்தா ராஸ்லர் எடுத்த 'செமியாடிக்ஸ் ஆஃப் தி கிச்சன்'. ஆறு நிமிஷம் சொச்சம் ஓடும். ஒரு பெண், சமையலறை, முன்னால் பாத்திரம் பண்டங்கள். அகர வரிசையில் ஒவ்வொன்றின் பெயரையும் சொல்லி, எப்படிப் பயன்படுத்துவது என்று காட்டுகிறாள். காட்டும் விதத்தில்தான் விஷயம். கத்தி குத்துகிறது, கரண்டியில் அள்ளியதை அப்பால் வீசுகிறாள். அவ்வளவு கோபம், முகத்தில் ஒரு சலனமில்லாமல். அந்தக் கோபத்துக்கு ஒரு விலாசம் இருந்தது. பெண்ணை அடுக்களையில் நிறுத்திய சமூகம் என்று அவளுக்குத் தெரியும். சிந்தியாவும் தன்னந்தனியாகச் சாமான்களோடுதான் இருக்கிறாள். ஆனால் அவளுக்குக் கோபமே வருவதில்லை. அடுப்படியிலிருந்து விடுதலை கிடைத்துவிட்டது. இப்போது அவளே அவளுக்கு வேலை. தோல் சரியில்லை, முதுகு சரியில்லை, தூக்கம் சரியில்லை, எல்லாவற்றையும் அவளே பார்த்துக்கொள்ள வேண்டும். கோபப்பட வேண்டுமானால் தன் மேல்தான் கோபப்பட வேண்டும். முப்பது வருஷத்தில் நடந்த மாற்றம் இது. இதை எந்த சமூகவியல் புத்தகத்தையும்விடச் சுருக்கமாக இந்த இரண்டு வீடியோக்களும் சொல்கின்றன.

*

2024-ல் ஒரு வேடிக்கை நடந்தது. அந்த வருஷம் பிப்ரவரியிலிருந்து ஏப்ரல் வரை நியூயார்க்கின் மாடர்ன் ஆர்ட் மியூசியத்தில் (செல்லமாக 'மோமா') மோல்டனின் 'மெட்டா ஃபிஸிகல் தெரபி' கண்காட்சி. பிஸியோதெரபியையும் வேதாந்தத்தையும் ஒரே மூச்சில் சொல்லும் தலைப்பு. அறை முழுக்கப் படங்கள், பொருட்கள், இசையமைப்பாளர் நிக் ஹாலெட்டின் சங்கீதம். நடுவயதுக்கு வந்துவிட்ட சிந்தியா இன்னும் குணமாகப் பார்க்கிறாள்.

அதற்குச் சில வாரம் முன்னால், அந்த ஜனவரியில், மரீனா அப்ரமோவிச் ஆரோக்கியப் பொருட்களை விற்பனைக்குக் கொண்டுவந்தார். நீண்ட ஆயுளுக்கான வழி என்று பெயர். சொட்டு மருந்து பாட்டில் ஒன்று 99 பவுண்டு. அன்றைய கணக்கில் சுமார் 10,000 ரூபாய். முகத்துக்கான லோஷன் 199.

அப்ரமோவிச் யார் என்று தெரிந்தால்தான் இதன் சுருக்கென்ற வலி புரியும். பெல்கிரேடில் பிறந்த இவர் பெர்ஃபார்மன்ஸ் கலையின் பெரிய பெயர்களில் ஒருவர். 1974-ல் இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் மேஜைமேல் 72 பொருட்களை வைத்தார். ரோஜா, தேன், கத்தரிக்கோல், பிளேடு, ஒரு துப்பாக்கி, ஒரு தோட்டா. 'ஆறு மணி நேரம் என்னை எது வேண்டுமானாலும் செய்யலாம்' என்று ஆடாமல் அசையாமல் நின்றார். வந்தவர்கள் முதலில் கூச்சப்பட்டார்கள். போகப்போக உடையைக் கிழித்தார்கள், உடம்பைக் கீறினார்கள், கடைசியில் ஒருவர் துப்பாக்கியை எடுத்து அவரை நோக்கியே திருப்பி வைக்கும் அளவுக்குப் போய்விட்டது. மனிதர்கள் என்ன செய்யக்கூடியவர்கள் என்பதைத் தன் உடம்பில் எழுதிக் காட்டியவர்.

அதே அப்ரமோவிச் 2010-ல் அதே மோமாவில் வேறொன்று செய்தார். ஏறக்குறைய மூன்று மாதம், மியூசியம் திறந்திருக்கும் நேரமெல்லாம் ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மொத்தம் 700 மணி நேரத்துக்கு மேல். எதிரே காலி நாற்காலி. யார் வேண்டுமானாலும் வந்து உட்காரலாம். பேச்சு கிடையாது, தொடுதல் கிடையாது. கண்ணைப் பார்ப்பார், அவ்வளவுதான். ஆயிரத்து ஐந்நூறு பேருக்கு மேல் உட்கார்ந்தார்கள். பலர் அழுதார்கள். நியூயார்க் மாதிரி அவசர ஊரில், ஒரு மனிதர் முழுக் கவனத்தோடு தன்னைப் பார்ப்பதற்காக ஜனங்கள் மணிக்கணக்கில் வரிசையில் நின்றார்கள். சிந்தியாவின் வீட்டில் இல்லாத அந்த ஒன்று அங்கே இலவச இணைப்பாகக் கிடைத்தது. மியூசியம் டிக்கெட் மட்டும்தான் செலவு.

அப்படிப்பட்டவர் கடைசியில் பாட்டிலுக்கு வந்து சேர்ந்தார். அவர் மனசார நம்பித்தான் விற்கிறார், அதில் எனக்குச் சந்தேகமில்லை. விமர்சனம் அதுவல்ல. எதிரே உட்காரும் மனிதரைப் பாட்டிலில் அடைக்க முடியாது. அதைக் கண்டுபிடித்து உலகத்துக்குக் காட்டியவரே அவர்தான். மருந்தைக் கண்டுபிடித்துவிட்டு, அதை விட்டுவிட்டு லேபிளை விற்கிற மாதிரி இருக்கிறது. ஒரே சமயத்தில் கலைக் கடைத்தெருவின் ஒரு கோடியில் பெரியவர் சொட்டு மருந்து விற்கிறார், இன்னொரு கோடியில் சிந்தியா பர்ஸைத் திறந்துகொண்டு நிற்கிறாள். இரண்டில் எது தேர்ந்த கலை என்று கேட்டால், யோசிக்காமல் சிந்தியா பக்கம் போய் நிற்பேன். சாதனையாளரின் உடம்பு எதையும் தாங்கும். அது நம் உடம்பு இல்லை. சிந்தியாவுடையது நம் உடம்பு. குனிந்தால் பிடித்துக்கொள்வது.

*

இப்படிச் சொன்னதால் மோல்டனிடம் குறையே இல்லை என்று அர்த்தமில்லை.

முதல் குறை, திரும்பத் திரும்ப வருவது. நாற்காலி, சாமான், சொர்க்கம், நாற்காலி. வெல்னஸும் அப்படித்தானே, அதைத்தானே காட்டுகிறார் என்று அவருடைய ரசிகர்கள் வாதாடலாம். பாதி ஒப்புக்கொள்கிறேன். 2010-ல் ஹாலெட்டோடு சேர்ந்து அவர் செய்த 'விஸ்பரிங் பைன்ஸ் 10' என்ற ஆபராவில் சிந்தியாவின் மனசு பாட்டாக வெளியே வந்தபோது கிடைத்த புதுக் காற்றை, தொடர் முழுக்க எதிர்பார்க்கத் தோன்றுகிறது. வாயில்லாத ஒருத்திக்குக் குரல் கொடுத்துவிட்டு, மறுபடி ஊமையாக்கி உட்கார வைப்பது கொஞ்சம் அநியாயம்.

இரண்டாவது குறை இன்னும் முக்கியம். சிந்தியாவின் வீட்டுக்கு பில் வருவதில்லை. அமெரிக்காவில் உடம்பு சரியில்லாமல் போவது முதலில் ஒரு பணப் பிரச்னை. எந்த டாக்டரைப் பார்க்கலாம், பிஸியோதெரபி எத்தனை தடவை என்பதையெல்லாம் இன்ஷூரன்ஸ் கம்பெனி தீர்மானிக்கும். ஆஸ்பத்திரிக்குப் போகப் பயந்துதான் பலர் கடையில் கிடைக்கும் மூலிகைக்கும் காந்தத்துக்கும் போகிறார்கள். மொபைல் ஹோம் குடியிருப்பில் வளர்ந்த மோல்டனுக்கு இது தெரியாமலிருக்க முடியாது. அந்த வயதானவர்கள் எங்கே? அவர்களுடைய வலியும் ஊன்றுகோலும் உடையில் வந்து தைத்துக்கொண்டன. அவர்களுடைய ரசீதுகள் வரவில்லை. பஞ்சுமிட்டாய் நிறத்தில் வறுமை கரைந்துவிட்டது.

மூன்றாவது, இந்தப் படங்கள் பார்க்க ரொம்ப அழகு. கண்காட்சியிலிருந்து வெளியே வருகிறவர் புத்துணர்ச்சியோடு வருவார். அதுவே இன்னொரு வெல்னஸ் சாமான் ஆகிவிடும் ஆபத்து இருக்கிறது. நாமும் கைகொட்டிச் சிரிக்க முடியாது. நாம் அனுப்பிய மஞ்சள் பாலை இங்கிலீஷ் பெயரில் காபி ஷாப்பில் இருநூறு முன்னூறு ரூபாய்க்கு வாங்கிக் குடிக்கிறவர்கள்தானே!

இத்தனை குறைகளையும் மீறி சிந்தியா மனசில் தங்கிவிடுகிறாள். இன்றைக்கு உடம்பைப் பற்றிப் பேசுகிறவர்கள் இரண்டே ரகம். ஒருவர் நம்பச் சொல்கிறார், இன்னொருவர் சிரிக்கச் சொல்கிறார். வலியோடு இருப்பவருக்கு இரண்டும் உதவாது. மோல்டன், வலியை நிஜம் என்று ஒப்புக்கொண்டு, வைத்தியத்தைச் சந்தேகித்து, அந்த ஒரு நிமிஷ நிம்மதியைக் கைகூப்பி அனுமதிக்கிறார். மூன்றையும் ஒரே சமயத்தில் செய்வது கஷ்டம். அதற்காகத்தான் இதைக் கலை என்கிறேன்.

சிந்தியாவுக்கு என்ன வியாதி என்று கேட்டால், உடம்பில் ஓர் இடத்தைத்தான் காட்டுவேன். நடு முதுகில், மேலிருந்து வந்தாலும் கீழிருந்து வந்தாலும் நம் கை எட்டாத இடம் ஒன்று உண்டு. அதற்கென்று நீளக் காம்பு வைத்த மரக்கை, உருளை, அதிரும் தலையணை, நாற்காலி என்று கடை கடையாக விற்கிறார்கள். எல்லாம் நன்றாகத்தான் வேலை செய்கின்றன. முன்பெல்லாம் தாத்தாக்கள் குப்புறப் படுத்துக்கொண்டு, பேரனைக் கூப்பிட்டு முதுகில் ஏறி மிதிக்கச் சொல்வார்கள். பையன் சுவரைப் பிடித்துக்கொண்டு மிதிப்பான். கூலி, ஐந்து பைசா. சில சமயம் அதுவும் கடன்.